அரை நிமிட இசைக்கு ஒரு மரியாதை

தலைமை ஏற்றிருக்கும் ஐயா அவர்களே, மழையிலும் நேரத்துக்கு வந்து முன்வரிசையை நிறைத்திருக்கும் நகர்மன்றத் தலைவர் அம்மா அவர்களே, கேட்டபோதெல்லாம் இந்தக் கூடத்தைத் திறந்துவிடும் நூலகர் அவர்களே, இசை ஆசிரியப் பெருமக்களே, வணக்கம்.

2025 அக்டோபரில் 89 வயதில் மறைந்த ஜெர்மன் இசையமைப்பாளர் கிளவுஸ் டோல்டிங்கரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். ஜாஸ், சினிமா, தொலைக்காட்சி என்று மூன்று பகுதியாகச் சொல்கிறேன்.

1936இல் பெர்லினில் பிறந்தவர். போர் முடிந்த சமயம் பவேரியாவில் அமெரிக்கச் சிப்பாய்கள் வாசித்த ஜாஸ் அந்தச் சிறுவனின் காதில் விழுந்தது. டுசல்டார்ஃப் இசைப்பள்ளியில் பியானோவும் கிளாரினெட்டும் படித்தார், சாக்ஸபோனில் பெயர் வாங்கினார். 1971இல் 'பாஸ்போர்ட்' என்ற ஜாஸ் குழுவைத் தொடங்கினார். அவர் இசையமைத்த நீர்மூழ்கிக் கப்பல் படமான 'தாஸ் போட்' 1981இல் வந்தது. அதன் இசையைக் கேட்டால் இன்றும் மூச்சு முட்டும். சினிமாவை இதோடு விடுகிறேன், என் மனம் தொலைக்காட்சியில் இருக்கிறது.

மூர்த்தி சிறிது, கீர்த்தி பெரிது என்பார்கள். 'டாட்டோர்ட்' என்ற துப்பறியும் தொடருக்கு அவர் போட்ட முகப்பிசை சுமார் அரை நிமிடம்தான். 1970 நவம்பர் 29 அன்று முதன்முதலாக ஒலித்தது. பின்னாளில் ராக் பாடகராகப் புகழ்பெற்ற உடோ லிண்டன்பெர்க் அதில் டிரம்ஸ் வாசித்தார். திரையில் இரண்டு கண்கள், ஒரு குறிவட்டம், ஓடும் கால்கள். ஞாயிறு இரவு 8.15க்கு ஜெர்மனியே அதன் முன் உட்காரும். வாரத்துக்கு ஓர் ஊர், ஊருக்கு ஒரு துப்பறிவாளர் என்று எல்லாம் மாறும். மாறாதது அந்த முகப்பு.

அதையும் மாற்றப் பார்த்தார்கள். ஹாம்பர்க் துப்பறிவாளராக நடிக்க ஒப்பந்தமான பெரிய நட்சத்திரம் டில் ஷ்வைகர், 2011இல் இந்த முகப்பு காலத்துக்கு ஒவ்வாதது, தூக்கிவிடலாம் என்றார். அப்புறம் என்ன ஆயிற்று தெரியுமா? ரசிகர்கள் கொதித்துவிட்டார்கள். ஐயா, நினைத்துப் பாருங்கள், கதை நாயகனை விட்டுவிட்டு அரை நிமிட இசையின் பக்கம் போய் நின்றார்கள்! 2013இல் அவர் நடித்த முதல் கதை வந்தது. அதே கண்கள், அதே கால்கள், அதே டோல்டிங்கர். மூர்த்தி சிறிது, கீர்த்தி பெரிது!

சரி, நம் வீட்டில் என்ன செய்கிறோம்? முகப்பிசை தொடங்கியதும் 'தவிர்' பொத்தானை அழுத்துகிறோம். படம் முடிந்ததும் வயலின், தபலா வாசித்தவர்களின் பெயர் ஓடும்போதே விளம்பரம் வந்துவிடுகிறது. அந்தப் பெயர்கள் முழுதாக ஓடவேண்டும், முகப்பிசையை வெட்டக்கூடாது என்று தொலைக்காட்சி நிறுவனங்களுக்கு மனு எழுதியிருக்கிறோம். மூர்த்தியில் சிறிய மனுதான். நகர்மன்றத் தலைவர் அம்மா முதல் கையெழுத்துப் போட இசைந்திருக்கிறார்கள், அவர்களுக்கு நம் நன்றி. தாள் வாசலருகே மேசையில் இருக்கிறது, பேனாவும் வைத்திருக்கிறோம். வணக்கம்.