கேமராவையே தொடாத இயக்குநர்!

ஒரு படம், 244 நிமிடம். பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை, சேர்த்த இசை இல்லை. பேசுகிறவரின் பெயரைக்கூடத் திரையில் போடமாட்டார்கள். இதை நான் ஒரே மூச்சில் பார்த்தேன். இருங்க, வீடியோவை மூடிவிடாதீர்கள்!

எடுத்தவர் அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மேன். 1930இல் பாஸ்டனில் பிறந்தவர், சட்டம் கற்பித்தவர். அவருடைய முதல் ஆவணப்படம் 1967இல் வந்தது. மாசசூசெட்ஸில் பொதுமக்கள் அதைப் பார்க்க 1991 வரை தடை. அது தனி வீடியோவுக்கான கதை, விட்டுவிடுவோம்.

எனக்குப் பிடித்த விஷயத்துக்கு வருகிறேன். படப்பிடிப்பில் மொத்தமே மூன்று பேர். கேமராவைப் பிடிப்பவர் ஒருவர், பக்கத்தில் மைக்கோடு இயக்குநர், ஃபிலிம் மாற்றிக் கொடுக்க ஒரு உதவியாளர். ஆமாம், இயக்குநர் ஒலிப்பதிவாளர்! 'ஆக்‌ஷன்', 'இன்னொரு டேக்' எல்லாம் கிடையாது. அவர் ஃபிலிமில் எடுத்த காலத்தில், 16 மில்லிமீட்டர் ஃபிலிம் ஒரு சுருள் சுமார் 11 நிமிடம்தான் ஓடும். முக்கியமான பேச்சின் நடுவே தீர்ந்தால் தீர்ந்ததுதான். எப்போது ஓடவிடுவது என்பதே பாதி சூதாட்டம்.

"கேமராவைப் பார்த்தால் ஆட்கள் நடிக்க மாட்டார்களா?" உடனே கமெண்டில் கேட்பீர்கள், தெரியும். 1975இல் அவர் நியூயார்க்கின் நலத்திட்ட அலுவலகம் ஒன்றை எடுத்தார். கவுண்டர், வரிசை, படிவம், மறுபடி வரிசை. உதவித்தொகைக்காக மன்றாடுகிறவருக்கு எதிரே இருக்கும் ஊழியரின் முகம்தான் முக்கியம், லென்ஸ் அல்ல. அப்புறம், நடிப்பு என்ன அவ்வளவு சுலபமா? பயிற்சி எடுத்தவர்களே திணறுகிறார்கள்! அதிகபட்சம் சட்டைக் காலரைச் சரிசெய்துகொள்வோம். ஐந்து நிமிடத்தில் பழைய ஆளாகிவிடுவோம்.

அதற்காக இதெல்லாம் கலப்படமில்லாத உண்மை என்று நம்பிவிடாதீர்கள். அவரே அப்படிச் சொல்லிக்கொண்டதில்லை. ஆரம்பத்தில் சொன்ன 244 நிமிடப் படம் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தைப் பற்றியது, 2013இல் வந்தது. அதற்கு எடுத்தது சுமார் 250 மணி நேரம். தினம் எட்டு மணி நேரம் உட்கார்ந்தாலும், ஒருமுறை பார்க்கவே ஒரு மாதம்! அறுபதில் ஒரு பங்குதான் தேறியிருக்கிறது. அவர் கருத்தெல்லாம் எடிட்டிங் மேஜையில்தான் இருக்கிறது. அதிகாரிகள் அரை மணி நேரம் ஆட்குறைப்பு பற்றிப் பேசுகிறார்கள் என்று வையுங்கள். அடுத்த ஷாட்டில் நீண்ட தாழ்வாரத்தை ஒரே ஒருவர் கூட்டிக்கொண்டிருக்கிறார். பின்னணிக் குரல் எதற்கு?

சரி, ஒரு சவால். அனுமதி கேட்டுவிட்டு, வீட்டில் யாராவது வேலை செய்வதை 11 நிமிடம் எடுங்கள். கேள்வி கேட்கக் கூடாது, "இங்கே பாருங்க" என்று கூப்பிடக் கூடாது. எத்தனையாவது நிமிடத்தில் வாய் திறந்தீர்கள் என்று கமெண்டில் போடுங்கள். நான் இரண்டாவது நிமிடத்திலேயே அவுட்.