சுருட்டைப் பற்றவைத்தது யார்?

நடுவர் அவர்களே, வணக்கம். பெர்லின் ஷோலெம் வீட்டில் யூத வழக்கங்களை வைத்து மூண்ட சண்டையில் பிழை தந்தையுடையதா, மகனுடையதா என்பது இன்றைய தலைப்பு. தந்தை ஆர்தர், அச்சகம் நடத்தியவர். மகன் கெர்ஷோம், பின்னாளில் ஜெருசலேம் எபிரேயப் பல்கலைக்கழகத்தில் கபாலா என்னும் யூத மறைஞானத்தைப் பெரிய ஆய்வுத்துறையாக வளர்த்தவர். எனக்கு முன் பேசிய நண்பர், "அப்பாவுக்கு மதத்தில் பிடிப்பில்லை, இல்லாததைப் பிள்ளை கேட்டால் எங்கே போவார்?" என்று உருகினார். கைதட்டலும் வாங்கிவிட்டார்.

பிடிப்பில்லாத மனிதர் சும்மா இருந்திருக்கலாமே ஐயா! வெள்ளிக்கிழமை இரவு குடும்பமே விருந்துக்குக் கூடும். சபாத் என்னும் வாராந்தர ஓய்வுநாளுக்கான மெழுகுவத்தி எரியும். ஓய்வுநாளில் நெருப்பு மூட்டக்கூடாது என்பது யூதச் சட்டம். ஆர்தர் அந்த மெழுகுவத்தியிலேயே சுருட்டோ சிகரெட்டோ பற்றவைப்பார். போதாக்குறைக்கு, எபிரேய ஆசீர்வாத வாசகத்தில் புகையிலையைச் சேர்த்துக் கேலியாக ஓதுவார். பாவமன்னிப்பு நாளான யோம் கிப்பூர் அன்று யூதர்களில் பெரும்பாலோர் நோன்பிருக்க, இவர் அச்சகத்துக்குக் கிளம்புவார். வீட்டில் கிறிஸ்துமஸ் மரமும் உண்டு. 1911இல் அந்த மரத்தடியில் பையனுக்கு வைத்த பரிசு என்ன தெரியுமா? யூதர்களுக்குத் தனித் தாயகம் கேட்ட சியோனிச இயக்கத்தின் தலைவர் ஹெர்ஸலின் படம்! அம்மா ஆசையாகத்தான் வைத்தார், பாவம். அதற்குப் பிறகு கிறிஸ்துமஸ் என்றால் பையன் வீட்டில் தங்குவதில்லை.

அவன் செய்த குற்றம் என்ன? எபிரேயம் கற்றான். ரப்பி என்னும் யூத மதகுருவிடம் தால்மூத் என்ற யூதச் சட்ட நூலைப் படித்தான். எதிரணி எடுத்துக் கொடுக்குமுன் நானே சொல்லிவிடுகிறேன்: வளர்ந்தபின் அவரும் எல்லா விதிகளையும் கைக்கொண்ட ஆசாரசீலர் அல்ல. இருக்கட்டுமே! படித்துப் பார்த்துவிட்டு வேண்டாம் என்பவரையும், நையாண்டிக்கென்றே ஓதுகிறவரையும் ஒரே தட்டில் வைப்பீர்களா?

அப்புறம் 1917, முதல் உலகப்போர்க் காலம். அண்ணன் வெர்னர் ராணுவ உடையிலேயே போர் எதிர்ப்பு ஊர்வலத்துக்குப் போய்க் கைதானார். தம்பி சாப்பாட்டு மேசையில் அண்ணனுக்காகப் பரிந்து பேசினான். "அப்பா பயந்துபோனார்" என்கிறார் எதிரணித் தலைவர். சரி, பயந்தவர் பிள்ளையைக் கூப்பிட்டு நாலு திட்டு திட்டியிருக்கலாம். இவரோ ஒரே வீட்டில் இருக்கும் மகனுக்குப் பதிவுத்தபால் அனுப்பினார்! மார்ச் 1க்குள் வெளியேறு, 100 மார்க் தருகிறேன், இனி என் உதவி கிடையாது. பையனுக்கு அப்போது 19 வயது.

பிள்ளைதான் அடம்பிடித்தான் என்று இன்னும் வாதாடுவதானால், அந்தத் தபாலுக்கு எதிரணி முதலில் பதில் சொல்லட்டும். தீர்ப்பை மகன் பக்கம் தாருங்கள் நடுவர் அவர்களே. நன்றி.