பஸ்ஸில் உங்கள் காலடியில் சாராயக் கேன்! கேஸ் உங்கள் மேலா?

[காட்சி: கல்லட்டி மலைப்பாதை, முக்கி முனகி ஏறும் பஸ்]

வணக்கம் மக்களே. சும்மா ஒரு கற்பனை. மசினகுடியில் ஊட்டி பஸ் ஏறுகிறீர்கள். கல்லட்டியில் 36 கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொரு வளைவிலும் சீட்டுக்கு அடியில் இருக்கும் பை, மூட்டை எல்லாம் ஊர்வலம் போகும். மேலே ஏறியதும் போலீஸ் சோதனை. உங்கள் காலடியில் ஒரு பை, அதற்குள் ஐந்து லிட்டர் கேன், திறந்தால் குப்பென்று சாராய நெடி. "இது யாருது?" என்று கேட்டதும் பஸ் மொத்தமும் ஜன்னல் வழியே இயற்கையை ரசிக்கத் தொடங்குகிறது.

இப்போது கோர்ட்டில் உங்கள் கதி என்ன?

பின்னணியை ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறேன், தூங்கிவிடாதீர்கள். நம் மதுவிலக்குச் சட்டம் பிறந்தது 1937-ல். அந்த வருடம் அக்டோபர் 1-ல் சேலத்தில் மதுவிலக்கு தொடங்கியது. இன்று தெருவுக்குத் தெரு டாஸ்மாக் இருந்தாலும் அந்தச் சட்டம் சாகவில்லை. கள்ளச்சாராயம் வைத்திருந்தால் குற்றம்தான். அவ்வளவுதான்.

அரசுத் தரப்பு முதலில் பையை உங்களோடு முடிச்சுப் போட வேண்டும். காலடியில் கிடந்தது என்பது போதாது. உள்ளே என்ன இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியும், அது உங்கள் பிடியில் இருந்தது, இரண்டும் வேண்டும். நீங்கள்தான் தூக்கிவந்து வைத்தீர்கள் என்று கண்டக்டர் சொன்னால் கதை வேறு. பிடி நிரூபணமாகிவிட்டால், திருப்தியான விளக்கம் தரும் பொறுப்பு உங்கள் தலையில் வந்து உட்காரும்.

அப்புறம், கேனில் இருப்பது மதுதானா? எனக்குப் பிடித்த இடம் இதுதான், கொஞ்சம் நிதானமாகப் போகிறேன்.

"மோந்து பார்த்தேன் ஐயா, சாராய வாடை" என்கிறார் போலீஸ்காரர். ஊட்டியில் மூக்கை நம்பலாமா? யூகலிப்டஸ் தைலக் கடைக்கு முன்னால் ஐந்து நிமிடம் நின்றுவிட்டு வாருங்கள், மல்லிகைப் பூவும் தைலம்தான்!

[காட்சி: பழைய ஜீப்]

1951, மும்பை. ஒரு ஜீப் மூன்று பேர் மீது மோதுகிறது. ஓட்டியவர் பெசிகாகா. அவர் யார் தெரியுமா? வட்டாரப் போக்குவரத்து அதிகாரி! லைசென்ஸ் கொடுக்கும் ஆபீஸின் தலைவர். வாயில் மது வாடை. அவரோ, "பி.ஜி. பாஸ் டானிக் குடித்தேன்" என்கிறார். சிரிக்காதீர்கள், அந்த டானிக்கில் நிஜமாகவே ஆல்கஹால் உண்டு. மது கலந்த மருந்துக்கு மதுவிலக்கு செல்லாது என்று உச்ச நீதிமன்றமே முன்பு சொல்லியிருந்தது. உயர் நீதிமன்றம் தண்டித்தது. உச்ச நீதிமன்றம் 1954-ல், வாடை தடைசெய்த மதுவிலிருந்துதான் வந்தது என்று நிரூபிப்பது அரசின் வேலை என்று சொல்லி, மதுவிலக்குக் குற்றத்திலிருந்து அவரை விடுவித்தது. இது குடித்த வழக்கு, வைத்திருந்த வழக்கு அல்ல. ஆனால் மூக்குக்கு விழுந்த குட்டு இரண்டுக்கும் பொது. எனக்கென்னவோ அந்த டானிக் கம்பெனி இதைவிடப் பெரிய விளம்பரம் பார்த்திருக்காது.

அதனால்தான் தடய அறிவியல் ஆய்வக அறிக்கை முக்கியம்: எத்தில் ஆல்கஹால் எத்தனை சதவீதம், அட்ரோபின் போன்ற விஷம் கலந்திருக்கிறதா. விஷம் இருந்தால் தண்டனையே வேறு ரகம். ஆனால் மாதிரி பாட்டிலில் போட்ட அரக்கு சீல் வழியில் உடைந்திருந்தாலோ, கோர்ட்டுக்குப் போகும் முன் எங்கே கிடந்தது என்று யாருக்கும் தெரியாவிட்டாலோ, உங்கள் வக்கீலுக்கு அன்று தீபாவளி.

மகஜர் சாட்சியா, அதாவது பறிமுதல் செய்ததை எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டவரா? "ஸ்டேஷனில் கையெழுத்து கேட்டார்கள், போட்டேன்" என்று பிறழ்வது வழக்கம்தான். அதனாலேயே கேஸ் விழுந்துவிடாது. போலீஸ் சாட்சியம் நம்பும்படி இருந்தால் அதை வைத்தே தண்டிக்கலாம். 2024 ஜூலை 1 முதல் சோதனையையும் பறிமுதலையும் வீடியோ எடுக்க வேண்டும் என்று புதிய சட்டம் சொல்கிறது, செல்போன் போதும்.

ஆக, நம் கல்லட்டி பஸ்ஸில் அந்த வீடியோ ஓடுகிறது. பை எந்த சீட்டுக்கு அடியில் இருந்தது என்று தெளிவாகத் தெரிகிறது. முப்பத்தாறு வளைவுக்கு முன்னால் எங்கே இருந்தது என்பது தெரியவில்லை. நீங்கள் மாஜிஸ்திரேட்டாக இருந்தால் என்ன தீர்ப்பு? கமெண்டில் எழுதுங்கள். அந்த டானிக் இன்னும் கிடைக்கிறதா என்று மட்டும் கேட்காதீர்கள்.