கல்லூரியில் ஃபுட்பால் ஆடாத டைட் எண்ட்: அன்டோனியோ கேட்ஸின் 16 சீசன்கள்

(திரையில்: கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழக பாஸ்கெட்பால் அணியின் படம்)

உயரம் 6 அடி 4 அங்குலம். எடை 110 கிலோவுக்கு மேல். இப்படி ஒருவரைப் பார்த்து 'உனக்கு உயரம் போதாது' என்று யாராவது சொல்வார்களா? அன்டோனியோ கேட்ஸிடம் சொன்னார்கள்.

அவர் ஒஹையோ மாநிலத்தின் கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழக பாஸ்கெட்பால் அணியில் பவர் ஃபார்வர்டு. கூடைக்கு அடியில் நின்று, எகிறி வரும் பந்தை முட்டிமோதிப் பிடிக்கிற வேலை. 2002-இல் கென்ட் ஸ்டேட், அமெரிக்கக் கல்லூரிகளின் தேசியப் போட்டியில் யாருமே எதிர்பாராத விதமாக ஓக்லஹோமா ஸ்டேட், அலபாமா, பிட்ஸ்பர்க் மூன்றையும் தோற்கடித்து கடைசி 8 அணிகளில் ஒன்றாக நின்றது. பிட்ஸ்பர்குக்கு எதிரான ஆட்டத்தில் கேட்ஸ் மட்டும் 22 புள்ளிகள். ஆனால் அமெரிக்கத் தொழில்முறை பாஸ்கெட்பால் லீக்கான என்.பி.ஏ.வில் பவர் ஃபார்வர்டு என்றால் 6 அடி 8, 9 அங்குலம் இருக்க வேண்டும். பந்தைத் தட்டிக்கொண்டு ஆட்டத்தை நகர்த்தும் கார்டாக ஆடச் சொல்லலாம் என்றால் அதற்கான வேகமும் கையாட்டமும் அவரிடம் இல்லை. இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட உடம்பு.

அந்த உடம்புக்கு விளையாட்டு உலகத்தில் பொருத்தமான இடம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அதுவும் வேறொரு ஆட்டத்தில். அதன் பெயர் டைட் எண்ட்.

(திரையில்: மைதானத்தின் வரைபடம், 11 புள்ளிகள்)

அமெரிக்கன் ஃபுட்பால் பார்த்தே இராதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அணிக்கு 11 பேர். பந்து கையில் இருக்கும் அணி நான்கு வாய்ப்புகளுக்குள் 10 யார்டு முன்னேற வேண்டும். முன்னேறினால் இன்னும் நான்கு வாய்ப்பு. எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டினால் டச்டவுன், 6 புள்ளி. பந்தை எறிபவர் குவார்ட்டர்பேக். அவருக்கு முன்னால் ஐந்து மாமிச மலைகள் வரிசையாக நின்று, பாய்ந்து வரும் எதிரிகளைத் தடுப்பார்கள். அந்த ஐவரும் எறிகிற பந்தைப் பிடிக்கக் கூடாது. இன்னொரு பக்கம், ஓரத்தில் ஒல்லியாக நிற்கும் ரிசீவர்கள். ஓடுவதும் பந்து பிடிப்பதும்தான் அவர்கள் வேலை.

டைட் எண்ட் இந்த இரு கூட்டத்துக்கும் நடுவில், மலைகளின் வரிசை முடியும் இடத்தில் நிற்பார். ஒரு முறை எதிரியை மோதித் தடுக்க வேண்டும். அடுத்த முறை அதே இடத்திலிருந்து நழுவி ஓடிப் பந்தைப் பிடிக்க வேண்டும். கிரிக்கெட்டில் விக்கெட் கீப்பரின் கதைதான். முன்பெல்லாம் கீப்பர் ஒழுங்காகப் பந்து பிடித்தால் போதும், ரன் எடுத்தால் அது லாபம். டைட் எண்டும் நெடுங்காலம் அப்படித்தான், தடுத்தால் போதும். அவருக்குப் பந்து எறிந்தே எதிரணியின் தூக்கத்தைக் கெடுக்கலாம் என்பதை ஷானன் ஷார்ப், டோனி கொன்சாலஸ் போன்றவர்கள் காட்டினார்கள். கேட்ஸ் வந்து சேர்ந்தது அந்தக் காலத்தில்.

சரி, ஃபுட்பால் அவருக்கு முற்றிலும் புதிதா? இல்லை. டெட்ராய்ட்டில் பள்ளி நாட்களில் இரண்டு ஆட்டத்திலும் கெட்டிக்காரர். மிச்சிகன் ஸ்டேட் பல்கலைக்கழகம் ஃபுட்பாலுக்காகத்தான் அவரை எடுத்தது. பயிற்சியாளர் நிக் சேபன் ஃபுட்பாலை மட்டும் ஆடச் சொன்னார். கேட்ஸ் பாஸ்கெட்பாலை விட மனமில்லாமல் வெளியேறினார். பிறகு கல்லூரி கல்லூரியாக அலைந்து கடைசியில் கென்ட் ஸ்டேட். ஆக, கல்லூரி அளவில் ஒரு ஃபுட்பால் ஆட்டம்கூட ஆடவில்லை.

2003 ஏப்ரலில் தொழில்முறை ஃபுட்பால் லீக்கான என்.எஃப்.எல்.லின் டிராஃப்ட், அதாவது அணிகள் முறைவைத்துப் புது ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சி, நடந்தது. ஏழு சுற்று, 262 பேர். அதே ஆண்டு முதல் சுற்றில் டாலஸ் கிளார்க், மூன்றாம் சுற்றில் ஜேசன் விட்டன் என்று பின்னாளில் பேர் வாங்கிய டைட் எண்டுகள் போனார்கள். கேட்ஸின் பெயரை எந்த அணியும் சொல்லவில்லை. ஆனால் பல அணிகள் அவர்மீது ஒரு கண் வைத்திருந்தன. டிராஃப்டில் போகாதவருக்கு ஒரு சௌகரியம் உண்டு: எந்த அணிக்குப் போவது என்பதை அவரே முடிவு செய்யலாம். அவர் சான் டியாகோ சார்ஜர்ஸைத் தேர்ந்தெடுத்தார். அந்த அணியின் டைட் எண்ட் பயிற்சியாளர் டிம் ப்ரூஸ்டர் முன்கூட்டியே அவரை வளைத்துப் போட்டிருந்தார்.

முதல் சீசனில் 24 கேட்ச், 2 டச்டவுன். சுமார்தான். இரண்டாவது சீசனில், 2004-இல், 81 கேட்ச், 13 டச்டவுன். ஒரு சீசனில் எந்த டைட் எண்டும் அதுவரை அத்தனை டச்டவுன் போட்டதில்லை.

(திரையில்: மெதுவான காட்சி. 85-ஆம் எண் ஜெர்சி, முதுகில் ஒட்டி நிற்கும் எதிரணித் தடுப்பாட்டக்காரரான லைன்பேக்கர்)

இப்போது கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். மொத்தக் கதையும் இந்த ஐந்து விநாடியில்தான் இருக்கிறது.

மூன்றாவது வாய்ப்பு, இன்னும் 7 யார்டு தேவை. கேட்ஸ் வரிசையின் வலது முனையில் குனிந்து நிற்கிறார். பந்து நகர்ந்ததும் நேராக ஓடுகிறார். பெரிய வேகம் ஒன்றுமில்லை. 7, 8 யார்டு தாண்டியதும் சட்டென்று நிற்கிறார். பின்னால் துரத்தி வந்த லைன்பேக்கர் அவர் முதுகில் வந்து இடிக்கிறார். அந்த இடியைத்தான் கேட்ஸ் எதிர்பார்த்திருந்தார். இடுப்பைச் சற்றுத் தாழ்த்தி, முதுகாலேயே எதிராளி எந்தப் பக்கம் சாய்கிறார் என்று உணர்கிறார். எதிராளி உள்பக்கம் நின்றால் இவர் வெளிப்பக்கம் திரும்புவார், வெளிப்பக்கம் நின்றால் உள்பக்கம். பந்து வரும்போது எதிராளிக்கும் பந்துக்கும் நடுவில் கேட்ஸின் மொத்த உடம்பும் இருக்கும். எதிராளி பந்தைத் தொட வேண்டுமானால் இவரைத் தாண்டித்தான் கை நீட்ட முடியும். அப்படி நீட்டி இவரைப் பிடித்து இழுத்தால் ஃபவுல்.

கூடைக்கு அடியில் ரீபவுண்டுக்காகக் காத்திருப்பவர் செய்வதும் அச்சு அசலாக இதுதான். அங்கே அவரைவிட அரை அடி உயரமானவர்களோடு மல்லுக்கட்டிப் பழகிய கேட்ஸுக்கு, இங்கே தடுப்பில் கடைசியாக நிற்கும், 6 அடியை ஒட்டிய சேஃப்டி ஆட்டக்காரர்கள் எதிரே வந்து நின்றால் எப்படி இருந்திருக்கும்? சிறியவரை நிறுத்தினால் தலைக்கு மேல் பந்து பிடிப்பார். பெரியவரை நிறுத்தினால் திரும்பி நழுவிவிடுவார். எதிரணிப் பயிற்சியாளர்களுக்கு எந்தப் பக்கம் போனாலும் இடி.

ஆனால் இந்த வித்தைக்கு இன்னொருவரும் வேண்டும். கேட்ஸ் எந்தப் பக்கம் திரும்பப் போகிறார் என்பது அவருக்கே கடைசி நொடியில்தான் தெரியும். அதே நொடியில் குவார்ட்டர்பேக்கும் அதே முடிவுக்கு வந்து, அவர் திரும்புவதற்கு முன்பே பந்தை விட்டாக வேண்டும். ஆரம்பத்தில் ட்ரூ ப்ரீஸ், 2006 முதல் ஃபிலிப் ரிவர்ஸ். ரிவர்ஸ் எறிவதைப் பார்த்தால் எறிகிற மாதிரியே இருக்காது. பந்தைத் தோளுக்குப் பக்கத்திலிருந்து தள்ளிவிடுவார். பார்க்கச் சகிக்காது, ஆனால் பந்து போக வேண்டிய இடத்துக்குப் போய்விடும். இருவரும் 13 சீசன் சேர்ந்து ஆடினார்கள். கேட்ஸின் 116 டச்டவுன்களில் 89 ரிவர்ஸ் கையிலிருந்து வந்தவை.

பணத்தையும் பேசியாக வேண்டும். டிராஃப்டில் போகாதவருக்குச் சம்பளம் அடிமட்டம். 2004-இல் சாதனை படைத்த பிறகும் 2005-க்கு சார்ஜர்ஸ் முன்வைத்த தொகை 4 லட்சம் டாலருக்கும் குறைவு. கேட்ஸ் பயிற்சி முகாமுக்கே வரவில்லை. நிர்வாகமும் முறுக்கிக்கொண்டு, குறித்த நாளுக்குள் வராவிட்டால் முதல் ஆட்டத்தில் இடம் கிடையாது என்றது. கடைசியில் ஆறு ஆண்டு ஒப்பந்தம் கைக்கு வந்தது. முதல் ஆட்டம் மட்டும் போனது போனதுதான். அவர் இல்லாமல் டாலஸிடம் 28-24 என்று சார்ஜர்ஸ் தோற்றது. யாருக்கு லாபம் என்று எனக்கு இன்றுவரை புரியவில்லை.

2004 முதல் 2011 வரை தொடர்ந்து 8 முறை, லீக்கின் நட்சத்திர ஆட்டமான ப்ரோ பவுலுக்குத் தேர்வானார். ஆனால் சாம்பியனை முடிவு செய்யும் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் ஒருமுறைகூட இல்லை. 2005 ஜனவரியில் ஜெட்ஸ் அணிக்கு எதிரான பிளேஆஃபில், அதாவது தோற்றால் வெளியேற வேண்டிய சுற்றில், கடைசி விநாடிகளில் கேட்ஸ் பிடித்த டச்டவுன்தான் ஆட்டத்தைச் சமனாக்கியது. கூடுதல் நேரத்தில், கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்துப் புள்ளி சேர்க்க வேண்டிய சார்ஜர்ஸின் கிக்கர் 40 யார்டிலிருந்து உதைத்த பந்து குறி தவறியது. கதை முடிந்தது. 2006-இல் 14 வெற்றி, 2 தோல்வி என்று லீக்கிலேயே முதலிடம். பிளேஆஃப் முதல் ஆட்டத்திலேயே நியூ இங்கிலாண்டிடம் 24-21 என்று காலி.

2008 ஜனவரியில் இன்னும் கொடுமை. டென்னஸி அணிக்கு எதிராக ஆடும்போது கால் கட்டைவிரல் மூட்டு விலகியது. கட்டைவிரல்தானே என்று நினைக்கலாம். நின்று திரும்புவதையே தொழிலாக வைத்திருப்பவருக்கு எல்லா விசையும் பிறக்கும் இடம் அதுதான். அந்தக் காலோடு அடுத்த இரண்டு ஆட்டமும் ஆடினார். இரண்டாவது ஆட்டத்தில் ரிவர்ஸ் முழங்கால் தசைநார் கிழிந்த நிலையில் எறிந்துகொண்டிருந்தார். நியூ இங்கிலாண்ட் 21-12 என்று வென்றது.

அதற்குப் பிறகு பாதம் அவரை விட்டபாடில்லை. 2010-இல் பாதத்தில் திசுக் கிழிவால் 10 ஆட்டம்தான் ஆட முடிந்தது. அந்தப் பத்திலும் 10 டச்டவுன்! வேகத்தை நம்பிய ஆட்டக்காரர் என்றால் அங்கேயே முடிந்திருக்கும். இவர் மூலதனம் இடுப்பும் முதுகும் கையும். 2014-இல், 34 வயதில், அப்போதைய சாம்பியன் சியாட்டிலுக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் 3 டச்டவுன். அந்த சீசனில் மொத்தம் 12.

அடுத்த ஆண்டு ஒரு கறையும் சேர்ந்தது. தடைசெய்யப்பட்ட ஊக்கப்பொருள் விதியை மீறியதாக 2015-இன் முதல் 4 ஆட்டங்களுக்குத் தடை. காயத்திலிருந்து மீள எடுத்துக்கொண்ட சத்துப்பொருள் காரணம் என்றார், பொறுப்பையும் ஏற்றுக்கொண்டார். அவரைப் புகழ்ந்து பேசும் பலர் இந்த இடத்தை வேகமாகத் தாண்டிப் போவதைப் பார்த்திருக்கிறேன். அது சரியில்லை. வயதான டைட் எண்டின் உடம்பு என்ன பாடு படுகிறது என்பதும் இதில்தான் தெரிகிறது.

(திரையில்: 2017 செப்டம்பர் 17, சார்ஜர்ஸ் 17, மயாமி 19)

அணி லாஸ் ஏஞ்சலஸுக்கு மாறிய முதல் ஆண்டு. 27,000 பேர் மட்டுமே அமரக்கூடிய சாக்கர் மைதானத்தில் முதல் உள்ளூர் ஆட்டம். 7 யார்டிலிருந்து ரிவர்ஸ் எறிய, கேட்ஸ் பிடித்தது அவருடைய 112-வது டச்டவுன். டோனி கொன்சாலஸின் 111 உடைந்தது. ஆட்டம்? கடைசியில் கிக்கர் 44 யார்டிலிருந்து தவறவிட, சார்ஜர்ஸ் தோற்றது. இந்த மனிதரின் பெரிய நாட்களுக்கும் கிக்கர்களுக்கும் என்ன பகையோ.

2018-இல் அணி அவரை விட்டுவிடத்தான் நினைத்தது. இளைய டைட் எண்ட் ஹன்ட்டர் ஹென்றியின் முழங்கால் போனதால் திரும்பக் கூப்பிட்டார்கள். 38 வயதில் இன்னும் 28 கேட்ச், 2 டச்டவுன். அத்துடன் நிறுத்திக்கொண்டு, 2020 ஜனவரியில் ஓய்வை அறிவித்தார். மொத்தக் கணக்கு: 236 ஆட்டம், 955 கேட்ச், 11,841 யார்டு, 116 டச்டவுன். 16 சீசனும் ஒரே அணி.

ஃபுட்பாலின் மகத்தான ஆட்டக்காரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் 2024-இல், முதல் வாய்ப்பிலேயே இடம் கிடைக்கும் என்று பலர் எதிர்பார்த்தார்கள். கிடைக்கவில்லை. 2025-இல் தேர்வானார். அந்த ஆண்டு ஆகஸ்டில் ஒஹையோவின் கேண்டன் நகரில் விழா. அவர் பாஸ்கெட்பால் ஆடிய கென்ட் நகரிலிருந்து காரில் ஒரு மணி நேரம்கூட ஆகாது.

கேட்ச், யார்டு இரண்டிலும் ட்ராவிஸ் கெல்ஸி அவரைத் தாண்டிவிட்டார். 116-ஐ எந்த டைட் எண்டும் இன்னும் தொடவில்லை. இன்னொரு பக்கம், அணிகள் கல்லூரி பாஸ்கெட்பால் ஆட்டங்களுக்கும் ஆள் அனுப்பிப் பார்க்கத் தொடங்கின. மயாமி பல்கலைக்கழகத்தில் பாஸ்கெட்பால் ஆடி, ஒரே ஒரு ஆண்டு மட்டும் ஃபுட்பால் ஆடிய ஜிம்மி கிரஹாமை 2010-இல் நியூ ஆர்லியன்ஸ் மூன்றாம் சுற்றிலேயே எடுத்தது. கல்லூரியில் ஃபுட்பாலே ஆடாத மோ அலி-காக்ஸை 2017-இல் இண்டியனாபொலிஸ் சேர்த்துக்கொண்டது. கிரஹாம் நட்சத்திரமானார். அலி-காக்ஸ் பெரும்பாலும் தடுக்கிற வேலைக்கு நம்பகமான ஆளாக, ஆண்டுக்கணக்கில் அந்த அணியிலேயே நிலைத்துவிட்டார்.