சாவீன் தே வாந்தார்: சங்கொலிக்காகத் துளையிட்ட சுவர்

(காட்சி: ஆண்டிஸ் மலைப் பள்ளத்தாக்கு. இரண்டு ஆறுகள் கூடும் இடத்தில் இடிந்த கற்கோவில்.)

வணக்கம். மாயாஜாலக் கதைகளில் சுவர் பேசும், சிலை குரல் கொடுக்கும். அப்படி ஒரு கோவிலை நிஜமாகவே கட்டியிருக்கிறார்கள். பெரு நாட்டில், சுமார் 3,180 மீட்டர் உயரத்தில் இருக்கும் இந்த இடத்தின் பெயர் சாவீன் தே வாந்தார். இன்கா பேரரசுக்கு ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டு மூத்தது. மலையூர்களிலிருந்தும் தொலைவிலுள்ள கடற்கரையிலிருந்தும் மக்கள் தேடி வந்த தலம்.

(காட்சி: கைவிளக்கு வெளிச்சத்தில் குறுகலான கல் நடைவழி.)

விஷயம் உள்ளேதான் இருக்கிறது. கோவிலின் வயிற்றுக்குள் கல் நடைவழிகள் பின்னிக் கிடக்கின்றன. ஒருவர் பின் ஒருவராகத்தான் போக முடியும். ஜன்னல் கிடையாது. கொஞ்ச தூரம் நேராகப் போய்ச் சட்டென்று திரும்பும். விளக்கை அணைத்தால், நம்மிடம் மிச்சம் இருப்பது காது மட்டும்தான்.

அந்தக் காதும் இங்கே தடுமாறும். பெரிய மண்டபத்தில் குரல் கொடுத்தால் எதிரொலி சற்றுத் தாமதித்து வரும், நெடுநேரம் நிற்கும். இங்கே சுவர் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. அதனால் ஒலி நொடியில் ஆயிரத்தில் சில பங்குக்குள் பட்டுத் திரும்பி, எல்லாப் பக்கமும் இருந்து ஒன்றாகக் காதில் விழுகிறது. உடனே அடங்கியும் விடுகிறது. ஒலி தெளிவாகக் கேட்கும், எங்கிருந்து வருகிறது என்று மட்டும் பிடிபடாது. இருட்டில் முதல்முறை வந்து நிற்கும் ஒரு பக்தருக்கு அது என்ன செய்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

(காட்சி: செதுக்கல் வேலைப்பாடுள்ள பெரிய சங்கு, அருகிலிருந்து.)

சரி, அங்கே என்ன ஒலித்தது? 2001-இல் தொல்லியல் அறிஞர் ஜான் ரிக் தலைமையிலான அகழாய்வுக் குழு, வட்ட முற்றத்தை ஒட்டிய ஒரு சிறு கூடத்தில் 20 சங்கு ஊதுகுழல்களைக் கண்டெடுத்தது. பெருவில் இதற்குப் புதுத்து என்று பெயர். நம் கோவில் சங்கைப் போலவே நுனியை வெட்டி வாய் வைத்து ஊதுவது; ஆனால் இனம் வேறு. ஈக்வடார் பக்கத்து வெதுவெதுப்பான கடலில் கிடைப்பது. அங்கிருந்து இந்த மலைப் பள்ளத்தாக்குக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள்! மேலே நுணுக்கமான செதுக்கல்கள். பல கைகள் பிடித்துப் பிடித்து அந்தக் கோடுகள் சில இடங்களில் வழவழவென்று தேய்ந்துபோயிருக்கின்றன. காட்சிக்கு வைத்த பொருள் இப்படித் தேயாது. 2008-இல் பெருவின் இசைக்கலைஞர் தீத்தோ லா ரோசா ஊத, ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகக் குழு இவற்றின் ஒலியைப் பதிவு செய்தது.

(காட்சி: லன்சோன் சிலை. அப்புறம் வரைபடம்: சிலை, சுவர்த் துளை, வட்ட முற்றம்.)

இப்போது மையத்துக்கு வருவோம். நடைவழிகள் சிலுவைபோல் குறுக்கே வெட்டும் இடத்தில் சுமார் நாலரை மீட்டர் உயரக் கிரானைட் கல் நிற்கிறது. கோரைப்பல், பாம்புகளாக நெளியும் முடி, ஒரு கை மேலே, ஒரு கை கீழே. இதுதான் லன்சோன். இன்றும் அதே இருட்டறையில்தான் இருக்கிறது.

இந்தச் சிலை இருக்கும் பகுதியிலிருந்து வெளியே உள்ள வட்ட முற்றத்தை நோக்கி, சுவருக்குள் துளைவழிகள் போகின்றன. வெறும் காற்றுப்போக்கிதானே என்று தோன்றும். பழங்கால இடங்களின் ஒலியை ஆராயும் மிரியம் கோலாரும் அவருடைய குழுவினரும் கருவி வைத்து அளந்தார்கள். புதுத்து ஒலிக்கும் சுருதிகளை அந்தத் துளை நன்றாகக் கடத்துகிறது, மற்ற பல ஒலிகளை மட்டுப்படுத்துகிறது. உள்ளே ஒருவர் ஊதினால், முற்றத்தில் நிற்கும் கூட்டத்துக்கு ஊதுபவர் தெரியமாட்டார். கண்ணுக்குத் தெரியாத தெய்வம் இருக்கும் திசையிலிருந்து முழக்கம் மட்டும் வரும்.

இது தற்செயலாக அமைந்திருக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. அதே வட்ட முற்றத்தின் சுவரில் வரிசையாக உருவங்களைச் செதுக்கியிருக்கிறார்கள். அதில் ஒருவர் கையில் புதுத்து இருக்கிறது. கருவி, அதை ஊதுபவரின் உருவம், ஒலி போகும் வழி மூன்றும் ஒரே முற்றத்தைச் சுற்றி இருக்கின்றன. தெரியாமல் கட்டியவர்களுக்கு இது இவ்வளவு கச்சிதமாக அமையாது.

(காட்சி: கல் பாவிய நிலத்தடிக் கால்வாய்.)

இன்னொரு கருத்தும் உண்டு. கோவிலுக்கு அடியில் ஓடும் கால்வாய்களில் தண்ணீர் பாயும்போது கட்டடமே உறுமியிருக்கும் என்று 1970-களில் பெருவின் தொல்லியல் அறிஞர் லூயிஸ் லும்ப்ரெராஸ் சொன்னார். கேட்கவே சிலிர்க்கிறது, ஆனால் இதை நான் பாதிதான் ஏற்கிறேன். மழைக்காலத்தில் வெள்ளத்தை வெளியேற்ற அந்தக் கால்வாய்கள் எப்படியும் தேவைப்பட்டவை. உறுமல் கூடவே வந்ததாக இருக்கலாம். 1945-இல் பெரும் மண்சரிவு இந்த இடத்தையே மூடிவிட்டதால், பழைய நீரோட்டத்தை அப்படியே ஓடவிட்டுக் கேட்டுப் பார்ப்பதும் எளிதல்ல. சங்குகளுக்கு அந்தச் சிக்கல் இல்லை. அவை அதே ஊரில் உள்ள சாவீன் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.