பேனா பிடிச்ச கை யாரோடது?

வணக்கம் நேயர்களே. போன வருஷம் என் பொறந்தநாளுக்குத் தோழி ஒருத்தி ஒரு புக்கு குடுத்தா, அட்டை முழுக்கப் பச்சை, நடுவுல சிக்குக் கோலம் மாதிரி பின்னிப் பின்னிப் போற ஒரு டிசைன், உள்ள பாத்தா நம்ம நட்சத்திர மரம் இருக்குல்ல அதே கணக்கா ஒவ்வொரு பொறந்த தேதிக்கும் ஒரு மரம். நான் பொங்கலுக்கு மறுநாள் பொறந்தவ, எனக்கு பிர்ச் மரமாம். பழங்கால கெல்டிக் பூசாரிங்க (கெல்ட்னா ரோமாபுரி காலத்துல பிரான்ஸ், பிரிட்டன், அயர்லாந்து பக்கம் வாழ்ந்த ஜனங்க), அதான் ட்ரூயிடுங்க, கணிச்சு வெச்சதுன்னு போட்டிருந்துச்சு. சரி நல்லாத்தானே இருக்குன்னு ரெண்டு நாள் பெருமையாவே சுத்திக்கிட்டு இருந்தேன். அப்புறம் வழக்கமான புத்தி, இது எங்க இருந்து வந்துச்சுன்னு தோண்ட ஆரம்பிச்சேன்.

தோண்டினா 1948தான் வருது. ராபர்ட் கிரேவ்ஸ்னு ஒரு இங்கிலீஷ் கவிஞர், அந்த வருஷம் வந்த தன்னோட புக்குல அவரே கட்டின காலண்டர் அது. அயர்லாந்துல ஓகம்னு ஒரு பழைய எழுத்து இருக்கு, 20 எழுத்து, கல்லோட விளிம்புல கோடு கோடா வெட்டி வெச்சிருப்பாங்க, அதுல சில எழுத்துக்கு மரத்தோட பேரு. மொத எழுத்து பேரு பிர்ச். அத வெச்சுக்கிட்டு மனுஷன் 13 மாசம், மாசத்துக்கு 28 நாள், மிச்சம் ஒரு நாள்னு கணக்குப் போட்டுட்டாரு. கவிஞர் ஆச்சே, அழகாத்தான் போட்டாரு. ஆனா அந்த ஓகம் கல்லுங்கள்ல என்ன எழுதியிருக்குன்னு பாத்தீங்கன்னா பெரும்பாலும் "இன்னாரோட மகன் இன்னார்", அவ்ளோதான். மந்திரமும் இல்ல ராசிபலனும் இல்ல.

நெஜமான கெல்டிக் காலண்டர் ஒண்ணு இருக்குங்க, அது 1897ல பிரான்ஸ்ல கொலினின்ற ஊர்ல கெடச்சுது, வெண்கலத் தகடு, துண்டு துண்டா உடைஞ்சு கெடந்தத ஒட்ட வெச்சிருக்காங்க. அஞ்சு வருஷக் கணக்கு, சந்திர மாசம் 62, அதுல ரெண்டு மாசம் எக்ஸ்ட்ரா, நம்ம பஞ்சாங்கத்துல அதிக மாசம் வருமே அந்த மாதிரி. எனக்கு இது ராசி மரத்தவிட நூறு மடங்கு சுவாரசியமா இருக்கு, ஆனா இத பச்சை அட்டை போட்டு யாரும் பரிசா குடுக்க மாட்டேங்குறாங்க.

இப்ப நான் சொல்ல வந்தது என்னன்னா, கெல்டிக் சாமி, கெல்டிக் ஆன்மிகம்னு எந்த புக்கு கையில வந்தாலும், கதையோ நாவலோ எதுவா இருந்தாலும், மொதல்ல ஒரு கேள்வி கேட்டுக்கிட்டு படிங்க. பேனா பிடிச்ச கை யாரோடது? ஏன்னா ட்ரூயிடுங்க தங்களோட விஷயத்த எழுதி வெக்கவே இல்ல. சிலர் 20 வருஷம் உக்காந்து பாட்ட மனப்பாடம் பண்ணுவாங்க, மத்த கணக்கு வழக்குக்கு கிரேக்க எழுத்து பயன்படுத்துனாலும் இத மட்டும் எழுதறது பாவம்னு நெனச்சாங்க. இத நமக்குச் சொன்னது யாரு? ஜூலியஸ் சீசர். அவங்க நாட்டப் பிடிக்கப் படையோட போன ஆளு! வீட்ட இடிக்க வந்தவன் எழுதின குறிப்ப வெச்சுத்தான் அந்த வீட்டு பூஜை ரூம் எப்படி இருந்துச்சுன்னு நாம தெரிஞ்சுக்க வேண்டியிருக்கு. கெல்ட்ன்ற பேரே மொதல்ல கிரேக்கக்காரங்க எழுத்துலதான் நமக்குக் கெடைக்குது, அயர்லாந்து மொழியும் வேல்ஸ் மொழியும் பிரிட்டனி மொழியும் ஒரே குடும்பம்னு எட்வர்ட் லூயிட்னு ஒருத்தர் விவரமா எழுதினதே 1707லதான்.

சரி, அயர்லாந்துக்கு வருவோம், அங்கதான் சரக்கு இருக்கு. அங்க கதைகள எழுதி வெச்சது கிறிஸ்தவ மடத்துத் துறவிங்க. அவங்க எழுதினதுல பெரிய கதை டாயின் போ கூலி. பயப்படாதீங்க, கூலின்னா சம்பளம் இல்ல, ஊர் பேரு. டாயின்னா மாடு புடிக்கப் போறது. வெட்சி, கரந்தை படிச்சவங்களுக்கு இது சட்டுனு புரிஞ்சிடும், ஆநிரை கவர்தலேதான், அங்கயும் இது ஒரு தனி கதை வகை, டாயின்னு ஆரம்பிக்கிற கதைங்க இன்னும் பல இருக்கு.

கதை படுக்கையறைல ஆரம்பிக்குது. மேவ்னு ராணி, ஆலில்னு புருஷன். ராத்திரி படுத்துக்கிட்டே அந்தாளு சும்மா இருக்க மாட்டாம, என்னக் கட்டினதுக்கு அப்புறம் உனக்கு வாழ்க்க நல்லா இருக்குல்லன்னு வாய விட்டுட்டாரு. ராணிக்கு வந்துச்சே கோவம், நான் வரும்போதே எல்லாத்தோடயும்தான் வந்தேன்னு சொல்லி, விடிய விடிய சொத்துக் கணக்கு. பக்கெட்டுல ஆரம்பிச்சு அண்டா, நகை, துணிமணி, ஆடு, குதிரை, பன்னி எல்லாம் வெளிய கொண்டு வந்து எண்ணிப் பாக்குறாங்க, எல்லாம் சரிக்குச் சரி. மாடு எண்ணும்போதுதான் ஒண்ணு குறையுது. வெள்ளைக்கொம்புக் காளை ஒண்ணு, ராணியோட பசு போட்ட கன்னுதான், ஆனா பொம்பளைக்குக் கீழ இருக்க மாட்டேன்னு அதுவா நடந்து ராஜாவோட மந்தைல போயி சேந்துடுச்சாம். மாட்டுக்கு வந்த திமிரப் பாருங்க.

அதுக்குச் சமமான காளை நாட்டுலயே கூலி ஊர்ல இருக்கிற பழுப்புக் காளை மட்டும்தான். ராணி ஆள் அனுப்பி ஒரு வருஷத்துக்கு இரவலாக் கேக்குறா, 50 கிடேரி தர்றேன், தேர் தர்றேன்னு. மாட்டுக்காரரும் சந்தோஷமா சரின்னுட்டாரு. விருந்து நடக்குது. போன தூதுவனுங்க குடிச்சிட்டு, அவரு குடுக்கலன்னாலும் நாங்க தூக்கிட்டுத்தான் போயிருப்போம்னு உளற, அது மாட்டுக்காரர் காதுக்குப் போக, போடா மாடும் கிடையாது ஒண்ணும் கிடையாதுன்னுட்டாரு. அம்புட்டுதான், நாலு பேரு போதைல பேசினதுக்கு ஒரு மகாயுத்தம்.

அந்தப் பக்கம் அல்ஸ்டர் வீரங்க, அதான் கூலி ஊரு இருக்கிற வடக்கு அயர்லாந்து நாட்டுக்காரங்க, எந்திரிக்கவே முடியாமக் கெடக்குறாங்க. ஏன்னா முன்னாடி ஒருதடவ மாகான்னு ஒருத்திய, நிறைமாசக் கர்ப்பிணிய, ராஜாவோட குதிரைங்களுக்கு எதிரா ஓட வெச்சிருக்காங்க. அவ கெஞ்சினா, யாரும் கேக்கல, ஓடினா, ஜெயிச்சா, எல்லைக் கோட்டுலயே ரெட்டைப் புள்ள பெத்தா, பெத்துட்டு சாபம் விட்டா: உங்களுக்கு ஆபத்து வர்ற நேரத்துல எல்லாம் பிரசவ வலி வந்து படுத்துக் கெடப்பீங்க, ஒன்பது தலைமுறைக்கு. இந்த மாகா பழைய குதிரைத் தெய்வமா இருக்கலாம்னு ஆராய்ச்சிக்காரங்க சொல்றாங்க. எனக்கு அந்த ஆராய்ச்சி எல்லாம் ரெண்டாவது, இப்படி ஒரு சாபத்த ஒரு ஆண்கள் மடத்துல உக்காந்து ஒரு துறவி ஒரு வார்த்தை விடாம எழுதியிருக்காரேன்னுதான் ஆச்சரியம். மாகா பேர் வெச்ச அல்ஸ்டர் தலைநகரு இன்னைக்கும் ஆர்மா பக்கத்துல ஒரு மண்மேடா இருக்கு. அங்க தோண்டினப்ப கி.மு. 95 வாக்குல 40 மீட்டர் அகலத்துக்கு மரத்துல வட்டமா ஒரு கட்டடம் கட்டி, உள்ள கல்லக் கொட்டி ரொப்பி, அப்புறம் வெளிச்சுவத்துக்குத் தீ வெச்சிருக்காங்கன்னு தெரிஞ்சுது. குடியிருக்கக் கட்டினதில்லைங்க அது, ஏதோ சடங்கு. கூடவே வட ஆப்பிரிக்காக் குரங்கு ஒண்ணோட மண்டையோடும் கெடச்சிருக்கு, அது எப்படி அயர்லாந்து வந்து சேந்துச்சோ, அத வெச்சே ஒரு நாவல் எழுதலாம்.

சாபம் ஒட்டாத ஒரே ஆளு கூஹுலின், 17 வயசுப் பையன், தனியா நின்னு படையத் தடுக்குறான். கூட வளந்து, இப்ப ராணி பக்கம் நிக்குற ஃபெர்தியாவையே ஆத்துத் துறைல கொல்ல வேண்டியதாப் போச்சு, பகல்ல வெட்டிக்கிட்டு ராத்திரி ஒருத்தருக்கொருத்தர் மருந்து அனுப்பிக்கிட்டாங்க. கடைசில ரெண்டு காளையும் மோதி ரெண்டும் செத்துப்போகுது. இவ்ளோ பேரு செத்தது எதுக்குன்னா ஒண்ணுத்துக்கும் இல்ல.

இப்பதான் எனக்குப் புடிச்ச எடம். 12ஆம் நூற்றாண்டு லென்ஸ்டர் புத்தகம்னு ஒரு கையெழுத்துப் படி டப்ளின் டிரினிட்டி காலேஜ்ல இருக்கு. அதுல இந்தக் கதை முடிஞ்சதும், எழுதினவரு ஐரிஷ் மொழில, இத இப்படியே மாத்தாம மனப்பாடம் பண்ற ஒவ்வொருத்தருக்கும் ஆசீர்வாதம்னு எழுதுறாரு. அடுத்த மூச்சுலயே மொழிய மாத்தி லத்தீன்ல, ஆனா எழுதின எனக்கு இந்தக் கதைல, கட்டுக்கதைன்னே சொல்லணும், பல விஷயத்துல நம்பிக்கை கெடையாது, சிலது பிசாசோட ஏமாத்து வேலை, சிலது கவிஞன் கற்பனை, சிலது நடக்கக்கூடியது, சிலது நடக்காதது, சிலது முட்டாளுங்க சந்தோஷத்துக்குன்னு எழுதி வெச்சிருக்காரு! மனுஷனுக்குள்ள ரெண்டு பேரு உக்காந்திருக்காங்க பாருங்க, ஒருத்தன் ஐரிஷ்காரன், ஒருத்தன் சாமியாரு. நம்பாத ஆளு எழுதி வெச்சதாலதான் நமக்கு இது கெடச்சிருக்கு.

என் பொண்ணு டப்ளின்ல வேலை பாக்குறா, போயிருந்தப்ப ஓ'கானல் தெருவுல பெரிய போஸ்ட் ஆபீஸுக்குக் கூட்டிட்டுப் போனா. ஜன்னல் ஓரமா கூஹுலின் செல. சாகுற நேரத்துல படுத்து சாகக் கூடாதுன்னு தன்னக் கல்லுல கட்டிக்கிட்டவன், தலை தொங்கிடுச்சு, தோள்ல ஒரு காக்கா. அந்தக் காக்கா வந்து உக்காந்ததுக்கு அப்புறம்தான் எதிரிங்களுக்கு அவன் செத்தான்னே தெரிஞ்சுதாம். ஆலிவர் ஷெப்பர்ட் 1911 வாக்குல செஞ்சது, 1916ல அதே போஸ்ட் ஆபீஸ்ல இருந்து பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரா சண்ட போட்டவங்க நினைவா 1935ல அங்க வெச்சாங்க. இதுல வேடிக்கை என்னன்னா பெல்ஃபாஸ்ட்ல பிரிட்டனோடவே இருக்கணும்னு சொல்ற கோஷ்டியும் இதே கூஹுலின சுவத்துல வரைஞ்சு, அல்ஸ்டரத் தனியாக் காத்தவன் எங்காளுன்றாங்க. பேனா மட்டுமில்ல, பிரஷ்ஷும் யார் கையில இருக்குன்னு பாக்கணும் போல.

அந்த 1916 எழுச்சிக்கு நம்ம மெட்ராஸ்லயும் ஒரு எதிரொலி உண்டு. ஜேம்ஸ் கசின்ஸ்னு பெல்ஃபாஸ்ட்ல பொறந்த கவிஞர், பழைய ஐரிஷ் கதைங்கள வெச்சு நாடகம் எழுதினவரு, 1915ல அன்னி பெசன்ட் கூப்பிட்டு நியூ இந்தியா பேப்பர்ல வேலைக்கு வந்தாரு. டப்ளின் எழுச்சியப் பாராட்டி எழுதப்போக, பேப்பர விட்டுப் போக வேண்டியதாச்சு, மதனப்பள்ளிக்கு வாத்தியாராப் போனாரு, 1956ல அங்கயே காலமாயிட்டாரு.

வேல்ஸ் பக்கம் ஒரு கில்லாடி இருக்காரு, அவரச் சொல்லாம விட முடியாது. ஐயோலோ மோர்கன்வுக், கொத்தனார், கவிஞர், அபின் கலந்த மருந்துக்கு அடிமை. 1792ல லண்டன்ல ஒரு குன்று மேல கல்ல வட்டமா வெச்சு, இது ட்ரூயிடுங்க காலத்துல இருந்து அறுபடாம வர்ற சடங்குன்னு நடத்திக் காமிச்சாரு. ஓலைச்சுவடி மாதிரி பழைய ஏடெல்லாம் காமிச்சாரு, அதுல நெறைய அவரே எழுதினது, கண்டுபுடிக்க நூறு வருஷத்துக்கு மேல ஆச்சு. ஆனா அந்தச் சடங்கு நிக்கலையே! இன்னைக்கும் வருஷா வருஷம் வேல்ஸ் தேசிய விழாவுல அங்கி போட்டுக்கிட்டு நடத்துறாங்க, ஜெயிச்ச கவிஞர எழுந்து நிக்கச் சொல்லி மரியாதை பண்றாங்க. ஊர் ஊராக் கல்லத் தூக்கிட்டுப் போறது கஷ்டம்னு 2005ல இருந்து ஃபைபர் கிளாஸ் கல்லு. என்னக் கேட்டா எனக்குக் கோவம் வரல. பொய்யின்னு தெரிஞ்சேதான் செய்றாங்க, இருநூறு வருஷம் ஆயிடுச்சுன்னா பொய்யும் பாட்டன் சொத்துதானே. கோவம் வர்றது அந்த ராசி மர புக்கு மேலதான், அது தன் வயச மறைக்குதில்ல.

கடைசியா ஒண்ணு. பழுப்புப் பசுப் புத்தகம்னு இன்னொரு ஏடு, டாயின் கதைல நமக்குக் கெடச்ச மிகப் பழைய படி அதுலதான் இருக்கு. ஒரு மகானோட பசுத்தோல்ல செஞ்சதுன்னு ஐதீகம், அதான் அந்தப் பேரு. 14ஆம் நூற்றாண்டுல பிணைப்பணத்துக்குப் பதிலாக் கைமாறிப் போச்சு, 1470ல சண்ட போட்டு மீட்டாங்க, இப்ப டப்ளின்ல ராயல் ஐரிஷ் அகாடமில அதுல 67 தாள் மிச்சம் இருக்கு. அத எழுதினவங்கள்ல ஒருத்தர் மேல்முரே, க்ளான்மக்னாய்ஸ் மடத்துக்காரரு, 1106ல கொள்ளைக்காரங்க அந்த மடத்துக் கோயிலுக்குள்ளயே அவரக் கொன்னுட்டாங்க. அவரு பேரு நமக்கு எப்படித் தெரியும்னா, நடுவுல ஒரு எடத்துல புதுசாச் சீவின இறகுப் பேனா ஓடுதான்னு பாக்க, லத்தீன்ல பேனா சோதனைன்னு போட்டு, பக்கத்துலயே தன் பேர எழுதிப் பாத்திருக்காரு, கடையில பேனா வாங்கறப்ப நாம கிறுக்கிப் பாப்போமே, அதே மாதிரி.

நன்றி, வணக்கம்.