நாள்தோறும் நடிக்க ஓர் இடம்

நேயர்களுக்கு வணக்கம். இளம் திரைப்பட, தொலைக்காட்சி நடிகர் ஒருவரைப் பற்றிப் பேசுங்கள் என்று இந்த வானொலி நிலையத்தார் கேட்டபோது எனக்கு உடனே நினைவுக்கு வந்தவர் கவின். திருச்சிக்காரர். அவரைப் பற்றி யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு ஏன் கதைக்க வேண்டும் என்று சிலர் நினைக்கலாம். காரணம் இருக்கிறது.

2019இல் பிக் பாஸ் மூன்றாவது பருவம் ஓடிய காலத்தை நினைத்துப் பாருங்கள். இலங்கையில் சக்தி தொலைக்காட்சியில் செய்தி வாசித்த லொஸ்லியாவும், மொடலிங் செய்துகொண்டிருந்த தர்ஷனும் அந்த வீட்டுக்குள் இருந்தார்கள். எங்கள் பிள்ளைகள் என்று ஊரே உட்கார்ந்து பார்த்தது. தர்ஷன் இறுதிக்குக் கிட்டப் போய் வெளியேறிய கிழமை, ஒழுங்கையில் நின்று கதைத்த எல்லோரும் அரசியல் ஆய்வாளர்களைப் போலத்தான் பேசினார்கள். அதே வீட்டுக்குள்தான் கவினும் இருந்தார். கடைசியில் ஐந்து இலட்சம் ரூபாயை எடுத்துக்கொண்டு தானாகவே வெளியே வந்தார்.

அதற்குப் பிறகு என்ன நடந்தது? லொஸ்லியா 2021இல் கிரிக்கெட் வீரர் ஹர்பஜன் சிங்கோடு ‘பிரெண்ட்ஷிப்’ படத்தில் நடித்தார். 2022இல் ‘கூகுள் குட்டப்பா’வில் அவரும் தர்ஷனும் சேர்ந்தே நடித்தார்கள். தர்ஷன் ‘துணிவு’ படத்திலும் ஒரு பாத்திரத்தில் வந்தார். கவினோ ‘லிப்ட்’, 2023இல் ‘டாடா’, 2024இல் ‘ஸ்டார்’, ‘பிளடி பெக்கர்’ என்று கதாநாயகனாகவே தொடர்ந்தார்.

இதைச் சொன்னவுடன் “அவர் இந்தியாக்காரர், அங்கே ஆள் இருக்கும்” என்பார்கள். விசா, வீடு, தெரிந்த முகம், எல்லாம் உண்மைதான். ஆனால் அது பாதிக் கதை. பிக் பாசுக்கு ஒரு மாதம் முந்தித்தான் கவின் கதாநாயகனாக நடித்த முதல் படம் ‘நட்புனா என்னானு தெரியுமா’ வெளிவந்தது. அது பெரிதாக ஓடவில்லை. அதற்கும் முந்திப் பல வருடம் அவர் விஜய் தொலைக்காட்சியில் இருந்தார். ‘கனா காணும் காலங்கள்’ தொடரில் கல்லூரிப் பையன். பிறகு ‘சரவணன் மீனாட்சி’யில் வேட்டையன். எங்கள் வீட்டு அம்மாமாருக்கு அவர் இன்றைக்கும் வேட்டையன்தான். ஒரு பிக் பாசில் உருவான ஆள் இல்லை அவர் என்பதைத்தான் சொல்ல வருகிறேன். அந்த வீட்டுக்குள் போகுமுன்பே நூற்றுக்கணக்கான நாள் கமராவுக்கு முன்னால் நின்று வேலை செய்து முடித்திருந்தார்.

தினத்தொடர் என்றால் எங்களில் பலருக்கு இளக்காரம். மாமியார் முறைப்பார், மருமகள் அழுவாள், முகத்துக்கு முகம் மூன்று தரம் கமரா போகும். சரி, அந்தக் குறை இருக்கிறது. ஆனால் நடிகனின் பக்கத்திலிருந்து பாருங்கள். காலையில் போய் இறங்கினால் அன்றைக்கே பல காட்சிகள் எடுத்தாக வேண்டும். வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் கிடைப்பது அரிது. உதவி இயக்குநர் கமராவுக்குப் பக்கத்தில் நின்று சொல்லச் சொல்லக் கேட்டு, முகத்தில் அது தெரியாமல் பேச வேண்டும். விளக்கு எங்கே, தன் இடம் எங்கே, எதிரில் நிற்பவரின் நிழல் தன் மேல் விழுகிறதா என்பதெல்லாம் யோசிக்காமலே தெரிந்துவிடும். நேற்று மோசமாக நடித்தீர்களா? நாளைக்கு இன்னொரு காட்சி இருக்கிறது. மாதம் முடியச் சம்பளமும் வரும்.

‘டாடா’வில் கைக்குழந்தையோடு தனித்து நிற்கும் இளம் தகப்பனாக அவர் நடித்ததைப் பார்த்தால், தொடர்களில் பழகிய மிகை அங்கே இல்லை. பழகியதைக் கழற்றி வைக்கத் தெரிந்திருக்கிறது. கழற்றி வைப்பதற்கும் முதலில் கையில் ஏதாவது இருக்க வேண்டும் அல்லவா?

இனி எங்கள் பெடியனைப் பாருங்கள். உயர்தரத்துக்கு நாடகமும் அரங்கியலும் எடுக்கிறான். தமிழ்த் தினப் போட்டியில் பரிசு வாங்குகிறான். பிறகு நண்பர்களோடு சேர்ந்து சனி ஞாயிறில் குறும்படம். அதில் அவனுக்கு வேலை இரண்டு நாள். யூரியூப்பில் போட்டதும் பாராட்டு வரும், அதோடு சரி. அடுத்த படம் யாராவது ஒருவர் காசு சேர்த்த பிறகு. ஆண்டுக்கு இரண்டு கிழமைகூட நடிக்காத ஒருவனிடம் போய், ஏன் கவினைப் போல வரவில்லை என்று கேட்கிறோம். வீட்டில் வேறு கேள்வி: “தம்பி, வேலை என்ன என்று கேட்டால் நாங்கள் என்ன சொல்லுறது?”

முன்பு இப்படி இருக்கவில்லை. இசை நாடக நடிகர் காங்கேசன்துறை வி. வி. வைரமுத்துவை எடுத்துக்கொள்ளுங்கள். அவருடைய வசந்த கான சபா அரிச்சந்திரன் மயான காண்டத்தைக் கோயில் கோயிலாகப் போட்டது. எத்தனை இரவு அந்தச் சுடலையில் நின்று பாடியிருப்பார்! அதே பாத்திரம், வேறு ஊர், வேறு சனம். அவர் ‘நடிகமணி’ என்று பட்டம் பெற்றது அப்படி. அந்த நாளில் இசை நாடகம்தான் எங்கள் தினத்தொடர்.

விதிவிலக்கும் உண்டு, மறைக்கவில்லை. அல்லைப்பிட்டியில் பிறந்த ஷோபாசக்தி எழுத்தாளர். பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஓடியாரின் ‘தீபன்’ படத்தில் முதன்மைப் பாத்திரத்தில் நடித்தார். 2015இல் கான் விழாவில் அந்தப் படத்துக்கு அவ்விழாவின் உயர்ந்த விருதான தங்கப்பனை கிடைத்தது. ஆனால் போரும் அகதி வாழ்வுமாக அவர் சுமந்து வந்த வாழ்க்கையைப் பயிற்சி என்று சொல்லி ஒரு பிள்ளையிடம் கொடுக்க முடியாது. கொடுக்கவும் கூடாது.

ஆகவே நடிக்க ஆசைப்படும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது, சென்னைக்கு ரிக்கற் போட முதல் இங்கே அடிக்கடி நடிக்க ஓர் இடம் தேடுங்கள் என்பதுதான். இசை நாடகக் குழுவா, வீதி நாடகமா, கோயில் மேடையா, எதுவானாலும் சரி. மேடையில் பழகியதைக் கமராவுக்கு அப்படியே கொண்டுபோக முடியாது. குரலையும் கையையும் குறைக்க வேண்டிவரும். அது பிறகு பார்க்கலாம்.

இந்த நிலையத்தாரிடமும் ஒன்று கேட்கிறேன், அழைத்த குற்றத்துக்குக் கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு காலத்தில் இலங்கை வானொலியில் நாடகம் கேட்கச் சனம் காத்திருந்தது. எஸ். ராம்தாஸ் எழுதிய வானொலித் தொடர் அவ்வளவு பிரபலமாகி, 1976இல் ‘கோமாளிகள்’ என்று திரைப்படமாகவே வந்தது. வானொலியில் பேசிய குரல்களே திரையிலும் முகம் காட்டின. கிழமைக்கு அரை மணித்தியாலம் ஒரு தொடர் நாடகம் ஒதுக்குங்கள். வானொலிக்கு உடுப்பும் வேண்டாம், விளக்கும் வேண்டாம், செலவு குறைவு. எங்கள் பேச்சு வழக்கிலேயே பேசட்டும். நாடகம் படித்த பிள்ளைகள் பருத்தித்துறையிலும் சாவகச்சேரியிலும் நிறையப் பேர் இருக்கிறார்கள், நான் கூட்டிவருகிறேன். சம்பளம் பிறகு பேசுவோம்; முதலில் அவர்களுக்கு பஸ் காசாவது கொடுங்கள். நன்றி, வணக்கம்.